திரைக்கு முன்னால் உட்கார்ந்து சுடுகிறவனின் தூக்கம்: மிஸியிடம் சில கேள்விகள்

சென்ற ஞாயிறு சுங்கை சிப்புட்டில் ட்ரோன் போர் பற்றி, அதாவது தொலைவில் திரைக்கு முன்னால் உட்கார்ந்து ஆளில்லா விமானத்தால் சுடுகிறவர்களின் மனநலம் பற்றிப் பேசினேன். நேரம் போதவில்லை. துண்டுச் சீட்டில் எழுதித் தந்த கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதுகிறேன். நான் தஞ்சோங் ரம்புத்தான் மனநல மருத்துவமனையில் தாதியாக (மிஸியாக) இருந்து ஓய்வு பெற்றவள். ஓய்வு பெற்ற இராணுவத்தினர் சிலரைக் கவனித்த பிறகுதான் இந்த விஷயத்தைத் தேடிப் படிக்கத் தொடங்கினேன்.

நானும் திரையைப் பார்த்துத்தான் செம்பனைக்கு மருந்து தெளிக்கும் ட்ரோனை ஓட்டுகிறேன், மிஸி. சாயங்காலம் கழுத்து வலிக்கும், அவ்வளவுதான். அவர்களுக்கு மட்டும் மனம் ஏன் கெடுகிறது?

தம்பி, உன் திரையில் மட்டையும் குலையும் தெரிகின்றன. அவர்கள் திரையில் ஆள் தெரிவான். ஒரு வீட்டை நாள்கணக்கில், சில வேளைகளில் வாரக்கணக்கில் மேலிருந்து பார்த்துக்கொண்டிருப்பார்கள். அவன் எப்போது எழுகிறான், எந்தப் பிள்ளை அவன் பின்னால் ஓடுகிறது என்பதெல்லாம் பழகிவிடும். பிறகு ஒரு நாள் உத்தரவு வரும்.

ட்ரோனை ஓட்டுபவர் ஒருவர். கேமராவையும் லேசரையும் பிடித்திருப்பவர் இன்னொருவர். ஹெல்ஃபயர் ஏவுகணை போய்ச் சேரும்வரை அந்த இரண்டாமவர் லேசரை இலக்கின் மேலேயே வைத்திருக்க வேண்டும். கண்ணை எடுக்க முடியாது. குண்டு போட்ட விமானி திரும்பிப் போய்விடுவான். இவர்களோ புகை அடங்கும்வரை அங்கேயே வட்டமடித்து, யார் செத்தார், யார் ஊர்ந்து போகிறார் என்று பார்த்துச் சொல்ல வேண்டும்.

பிராண்டன் பிரையன்ட் என்று ஒருவர். அமெரிக்க விமானப்படையில் கேமராவும் லேசரும் பிடித்த வேலைதான் அவருக்கு. 2013-இல் வெளிப்படையாகப் பேசினார். வெப்பத்தைக் காட்டும் கேமராவில் சூடான இரத்தம் தனியாகத் தெரியும். காலிழந்த ஒருவனின் இரத்தம் ஆறி ஆறித் தரையின் நிறத்துக்கே வந்துவிட்டதைப் பார்த்துக்கொண்டிருந்ததாகச் சொன்னார். இன்னொரு முறை, ஏவுகணை விழச் சில நொடிகள் இருக்கும்போது வீட்டு மூலையைச் சுற்றிக் குழந்தை போல ஓர் உருவம் ஓடி வந்திருக்கிறது. கேட்டதற்கு அது நாய் என்று பதில் வந்ததாம். வேலையை விட்டபோது அவர் கையில் ஒரு தாளைக் கொடுத்தார்கள். அவர் பங்கேற்ற நடவடிக்கைகளில் இறந்தோர் எண்ணிக்கை: 1,626.

வீடியோ கேம் விளையாடிப் பழகியவர்களுக்கு இது எளிதாக இருக்காதா? (ஐந்தாம் படிவ மாணவன்)

கை பழகும். விளையாட்டில் செத்தவனை அடக்கம் செய்ய யாரும் கூடுவதில்லை. இவர்கள் சவ ஊர்வலத்தையும் மேலிருந்து பார்க்க நேரிடும்.

உயிருக்கு ஆபத்தே இல்லாமல் குளுகுளு அறையில் உட்கார்ந்திருப்பவனுக்கு என்ன வருத்தம்? நாங்கள் அவசர காலத்தைப் பார்த்தவர்கள். (ஓய்வு பெற்ற மண்டோர், அதாவது தோட்டக் கண்காணி)

ஐயா, இதே கேள்வியை அமெரிக்க இராணுவத்தினரே கேட்டார்கள். ட்ரோன் இயக்குபவர்களுக்கென்று 2013 பிப்ரவரியில் ஒரு பதக்கம் அறிவித்தார்கள். களத்தில் நின்றவர்களிடமிருந்து எதிர்ப்பு கிளம்பியது. ஏப்ரலில் அதைக் கைவிட்டார்கள்.

நீங்கள் சொன்ன காலத்தையே எடுத்துக்கொள்வோம். 1948 ஜூன் 16-இல் நம் ஊர்ப் பக்கத்துத் தோட்டங்களில் மூன்று வெள்ளைக்காரத் துரைகளைக் கம்யூனிஸ்டுக் கெரில்லாக்கள் சுட்டார்கள்; மலாயாவில் அவசர காலம் வந்தது. பிறகு பிரிட்டிஷாரின் லிங்கன் விமானங்கள் காட்டில் குண்டு போட்டன. மேலே இருந்தவனுக்குத் தெரிந்தது பச்சை மட்டும்தான். அவன் அருகில் பறந்தும் எதையும் பார்க்கவில்லை. அமெரிக்காவின் நெவாடாவிலிருந்து ட்ரோன் இயக்குபவனோ உலகின் மறுபக்கத்திலிருந்து எல்லாவற்றையும் பார்க்கிறான். புண் கண் வழியாக உள்ளே போகிறது, ஐயா.

இன்னொன்று, வீடு. நெவாடாவில் ட்ரோன்களை இயக்கும் கிரீச் விமானப்படைத் தளத்திலிருந்து லாஸ் வேகஸ் நகரம் ஏறக்குறைய 70 கிலோமீட்டர். ஷிப்டு முடிந்ததும் காரை எடுத்தால் ஒரு மணி நேரத்துக்குள் வீடு. வழியில் பால் பாக்கெட், பிள்ளையின் வீட்டுப் பாடம். போருக்குப் போனவன் கூட்டாளிகளோடு கூடாரத்தில் கிடந்து, மாதங்கள் கழித்துத்தான் ஊர் திரும்புவான். இவனுக்குத் தினமும் போர், தினமும் ஊர்.

எல்லாருக்கும் மனநோய் வருகிறதா? மிகைப்படுத்துகிறார்களோ என்று தோன்றுகிறது. (தமிழ்ப்பள்ளி ஆசிரியை)

நல்ல சந்தேகம், டீச்சர். அமெரிக்க விமானப்படையின் மனநல ஆய்வாளர்கள் 1,084 ட்ரோன் இயக்குபவர்களிடம் கேட்டார்கள். கடுமையான அதிர்ச்சிக்குப் பிந்தைய மன அழுத்த அறிகுறிகள் இருந்தவர்கள் 4.3 விழுக்காடு. களத்திலிருந்து திரும்பும் படைவீரர்களிடம் இந்த விழுக்காடு இன்னும் அதிகம். ட்ரோன் இயக்குபவர்களின் பெரிய முறையீடு ஷிப்டு நேரமும் ஆள் பற்றாக்குறையும் தூக்கமின்மையும்தான். நம் தாதிகளின் முறையீடும் அதுவே!

ஆனால் அந்த அளவுகோல் பெரும்பாலும் பயத்தால் வந்த காயத்தை அளப்பது. 'நான் செய்தது தவறு' என்ற எண்ணம் அறுத்துக்கொண்டே இருப்பது வேறு. வியட்நாம் போர் வீரர்களுக்குச் சிகிச்சை அளித்த ஜோனதன் ஷே என்ற மருத்துவர் 1990-களில் இதற்குத் தனிப் பெயர் வைத்தார். தமிழில் அறக்காயம் என்கிறேன். பயந்தவன் பட்டாசுச் சத்தத்துக்கு நடுங்குவான். அறக்காயம் பட்டவனோ மகனைத் தூக்கிக் கொஞ்சவே கூசுவான்.

செத்தவர்களை விட்டுவிட்டுச் சுட்டவனுக்காக அழச் சொல்கிறீர்களா?

இல்லை, அம்மா. அழுகைக்கு வரிசை இருக்கிறது. 2021 ஆகஸ்டு 29, காபூல். ஒரு வெள்ளை டொயோட்டா காரை அமெரிக்க ட்ரோன் இயக்குபவர்கள் பகல் முழுக்கப் பின்தொடர்ந்தார்கள். அதில் ஏற்றிய தண்ணீர்க் கேன்களை வெடிகுண்டு என்று நினைத்தார்கள். ஏவுகணை விட்டார்கள்; வீட்டு வாசலில் பத்துப் பேர் இறந்தார்கள். ஏழு பேர் குழந்தைகள். செப்டம்பர் 17-இல் தவறு என்று ஒப்புக்கொண்டார்கள். யார் மீதும் நடவடிக்கை இல்லை. முதல் கண்ணீர் செத்தவர்களுக்குத்தான். இருந்தாலும் தண்டிக்கப்படாத தவறைக் கையில் வைத்துக்கொண்டு வாழ்கிறவனின் நிலையும் எனக்கு மருத்துவ விஷயம்தான்.

என் மகன் விமானப்படையில் சேர்ந்து ட்ரோன் ஓட்ட ஆசைப்படுகிறான். விடலாமா?

விடுங்கள். மலேசியா 2023-இல் துருக்கியிடம் வாங்க ஒப்பந்தம் செய்த மூன்று ஆளில்லா அங்கா விமானங்கள் கடலைக் கண்காணிக்கத்தான்.

இப்படிப்பட்டவன் வீட்டுக்கு வந்து மனைவியிடம் என்ன சொல்வான்?

ஒன்றும் சொல்ல முடியாது. வேலை இரகசியம். "இன்று எப்படி?" என்றால் "பரவாயில்லை" என்பான். நம் ஊரில் மனநல மருத்துவமனை இருக்கும் தஞ்சோங் ரம்புத்தான் என்று சொன்னாலே பிறர் சிரிப்பார்கள், அதனால் மனம் நொந்தவர்கள் வாயை மூடிக்கொள்வார்கள். அங்கே சட்டமே வாயை மூடுகிறது. அதனால்தான் கிரீச் தளத்தில் மனநல நிபுணரையும் பாதிரியாரையும் இரகசிய அனுமதி கொடுத்து உள்ளேயே வைத்தார்கள். மனைவிக்கு அந்த அனுமதி கிடையாது.