பன்யா கொட்டையைத் தின்னலாமா?

கேள்வி: பக்கத்துப் பூங்காவில் பெரிய பன்யா மரம் (ஆஸ்திரேலியாவின் ஊசியிலை மர வகை) ஒன்று இருக்கிறது. ஜனவரி வந்தால் "காய் விழும், கீழே நிற்காதீர்கள்" என்று பலகை வைக்கிறார்கள். கொட்டையைத் தின்னலாம் என்கிறாரே பக்கத்து வீட்டுக்காரர், உண்மையா?
- ஒரு வாசகி, பிரிஸ்பேன்

பதில்: தாராளமாகத் தின்னலாம். ஆனால் பலகைக்குக் கட்டுப்படுங்கள், ஒரு காய் 10 கிலோ வரை இருக்கும், மரமோ 40 மீட்டர் கூட வளரும். விழுந்த காயைச் செதில் செதிலாகப் பிரித்தால் 50 முதல் 100 கொட்டை வரை தேறும். பலாக்கொட்டை அவிப்பது போல உப்புப் போட்டு அரை மணி நேரம் அவித்து, சூடு ஆறுவதற்குள் மேலோட்டை வெட்டி உரித்துவிடுங்கள். சுடுவதென்றால் முதலில் ஒரு கீறல் போட வேண்டும், இல்லாவிட்டால் வெடிக்கும். ருசியும் ஏறக்குறைய பலாக்கொட்டைதான், மாவுத்தன்மை அதிகம்.

இதை யாருக்கும் சொந்தமில்லாத காட்டு மரம் என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். உங்கள் ஊருக்கு வடமேற்கே இருக்கும் பன்யா மலை வாக்கா வாக்கா, ஜாரோவைர் என்ற ஆஸ்திரேலியப் பழங்குடி மக்களின் பூமி. அந்த வட்டாரத்தில் ஒவ்வொரு மரமும் இன்னாருடையது என்று கணக்கு இருந்தது, தகப்பனிடமிருந்து மகனுக்கு வரும், ஏறுவதற்கு அடிமரத்தில் படி வெட்டியிருப்பார்கள். சுமார் மூன்று ஆண்டுக்கு ஒருமுறை காய்ப்பு அமோகமாக இருக்கும், அப்போது தொலைதூரக் கூட்டங்களுக்கெல்லாம் ஆள் விட்டு அழைப்பார்கள், நாள்கணக்கில் நடந்து வந்தவர்கள் வாரக்கணக்கில் தங்குவார்கள், பண்டமாற்று, கல்யாணப் பேச்சு, பழைய வழக்கு எல்லாம் அங்கேதான் முடியும். இளங்கொட்டையைப் பச்சையாகத் தின்பார்கள், முற்றியதைச் சுடுவார்கள், இடித்து அடை போலவும் சுடுவார்கள். மிஞ்சியதை ஈரச்சேற்றில் புதைத்து மாதக்கணக்கில் வைத்துக்கொள்வதும் உண்டு.

1842-இல், அப்போது அந்தப் பகுதியை ஆண்ட பிரிட்டிஷ் ஆளுநர் கிப்ஸ், பன்யா வளரும் நிலத்தில் வெள்ளையர் குடியேறவோ மரம் வெட்டவோ கூடாது என்று உத்தரவு போட்டார். 1860-இல் அது ரத்தானது. அப்புறம் மரம் அறுக்கும் மில்கள் வந்தன, மக்கள் துரத்தப்பட்டார்கள், பெருங்கூட்டங்கள் அந்த நூற்றாண்டோடு நின்றுபோயின. மலை தேசியப் பூங்காவானது 1908-இல்தான். எழுதும்போதே எனக்கு மனம் கனக்கிறது.

ஆகவே தேசியப் பூங்காவுக்குள் பொறுக்க வேண்டாம். ஊர்ப் பூங்கா என்றால் நகராட்சியைக் கேட்டு எடுங்கள். இரண்டு கொட்டையை நட்டும் பாருங்கள். முதலில் மண்ணுக்குள் பனங்கிழங்கு மாதிரி கிழங்கு இறங்கும், முளை மேலே வர மாதங்கள் ஆகலாம், காய்க்கப் பத்துப் பதினைந்து வருஷமாவது ஆகும். வீட்டை ஒட்டி மட்டும் நடாதீர்கள்.