பிரெஞ்சு எழுத்தாளர்கள், சிந்தனையாளர்களில் உங்களை அதிகம் கவர்ந்தவர் யார்? ஏன்?

வால்டேர். "நீ சொல்வதில் எனக்கு உடன்பாடில்லை; ஆனால் அதைச் சொல்லும் உன் உரிமைக்காக உயிரையும் கொடுப்பேன்" என்று மேடைக்கு மேடை அவர் பெயரில் முழங்குவார்களே, அதற்காக அல்ல. அது அவர் சொன்னதே இல்லை. 1906-இல் அவரைப் பற்றி நூல் எழுதிய ஓர் ஆங்கிலேயப் பெண்மணியின் வரி அது. என்னைக் கவர்ந்தது அவர் கையிலெடுத்த ஒரு கொலை வழக்கு.

1761 அக்டோபர், துலூஸ் நகரம். துணி வியாபாரி ஜான் கலாஸின் மூத்த மகன், இரவுச் சாப்பாடு முடிந்து கீழே கடைக்குப் போனவன், பிணமாகக் கிடந்தான். தற்கொலை செய்துகொண்டவரின் உடலைத் தெருத்தெருவாக இழுத்துப்போய் அவமானப்படுத்திய காலம். அதற்குப் பயந்து வீட்டார் முதலில் "யாரோ கொன்றுவிட்டார்கள்" என்றார்கள். பிறகுதான் தூக்குப் போட்டுக்கொண்டான் என்றார்கள். பேச்சு மாறியதே வினையாகிவிட்டது. அவர்கள் புராட்டஸ்டண்டுகள், ஊரோ கத்தோலிக்க ஊர். மகன் மதம் மாறப் போகிறான் என்று தெரிந்து அப்பனே கொன்றுவிட்டான் என்று புரளி கிளம்பியது. 1762 மார்ச் 10 அன்று கலாஸைச் சக்கரத்தில் கட்டி எலும்புகளை நொறுக்கிக் கொன்றார்கள். சித்திரவதையிலும் அவர் குற்றத்தை ஒப்புக்கொள்ளவில்லை.

சுவிஸ் எல்லையோரம் ஃபெர்னேயில் வசதியாக இருந்த வால்டேருக்கு எழுபதை நெருங்கும் வயது. வேறு ஆளாக இருந்தால் ஒரு கவிதை எழுதிவிட்டு ஓய்ந்திருப்பார். இவர் கலாஸின் கடைசி மகனை நேரில் விசாரித்தார், விதவையைப் பாரிஸுக்கு அனுப்பினார், வக்கீல்களைப் பிடித்தார், அரசவையில் தெரிந்தவர்களுக்கெல்லாம் கடிதம் எழுதித் தள்ளினார்.

அவர் வாதம்தான் அருமை. அறுபது தாண்டிய கிழவர் வாட்டசாட்டமான வாலிபனைத் தனியாகத் தூக்கில் மாட்ட முடியுமா? வீட்டிலிருந்த எல்லோரும் கூட்டு என்றால், வேலைக்காரியும் கூட்டா? அவள் கத்தோலிக்கப் பெண். இன்னொரு மகன் மதம் மாறத் துணை நின்றவளே அவள்தான். அந்த மகனோ உயிரோடுதான் இருந்தான்! எல்லோரும் சேர்ந்து செய்ததென்றால் அப்பனுக்கு மட்டும் ஏன் மரண தண்டனை?

1765 மார்ச் 9 அன்று கலாஸ் நிரபராதி என்று தீர்ப்பானது.

வால்டேர் புனிதர் ஒன்றும் இல்லை. யூதர்களைப் பற்றி அவர் எழுதியதைப் படித்தால் முகம் சுளிக்கும். ஆனாலும் அவரைப் படிக்கத் தொடங்குபவர்களுக்கு, இந்த வழக்கை வைத்து 1763-இல் அவர் எழுதிய சகிப்புத்தன்மை பற்றிய நூலைத்தான் முதலில் சொல்வேன். அவருடைய புகழ்பெற்ற நாவல் 'கேண்டிட்' அப்புறம் இருக்கட்டும்.