வசனம் ஏன் உதட்டில் ஒட்டவில்லை?

கேள்வி: 1980-இல் வந்த 'க்ரூஸிங்' படத்தில் வசனமும் உதடும் பல இடங்களில் ஒட்டவே இல்லையே, பிரதி கோளாறா?

பதில்: பிரதி சரிதான், அது தெருப் போராட்டம் விட்டுப்போன தழும்பு. நியூயார்க்கில் தன்பாலீர்ப்பாளர்கள் தோலாடை அணிந்து கூடும் மதுவிடுதிகளுக்குள் கொலைகாரனைத் தேடி அல் பசினோ மாறுவேடத்தில் நுழையும் கதை. 'எங்களைக் கொலைகாரர்களாகக் காட்டப்போகிறார்கள்' என்று 1979 கோடையில், படப்பிடிப்பு நடந்த நியூயார்க்கின் கிரீன்விச் வில்லேஜ் பகுதியில் தன்பாலீர்ப்பாளர் கூட்டம் திரண்டது. கேமரா ஓடும்போது விசில், ஏர்ஹாரன். மொட்டைமாடியிலிருந்து கண்ணாடி பிடித்து வெளிச்சத்தையும் கெடுத்தார்கள். ஒரே மைக்கில் விசிலும் வசனமும் கலந்துவிட்டால் பிரிப்பது கடினம். அதனால் பெரும்பகுதியை ஸ்டுடியோவில் மறுபடி பேசிச் சேர்த்தார்கள். அங்கே தெருவின் எதிரொலி கிடையாது, நடந்துகொண்டே பேசும் மூச்சும் வராது. வெளிப்புறக் காட்சியில் குரல் மட்டும் காதருகே கேட்கிறதா? அது டப்பிங்.

கேள்வி: கொலைகாரன் யார் என்றே விளங்கவில்லை!

பதில்: இயக்குநர் வில்லியம் ஃப்ரீட்கின் வேண்டுமென்றே செய்த குழப்பம். கொலைகாரனாக வெவ்வேறு நடிகர்கள் வருகிறார்கள். குரல் மட்டும் ஒன்று. முகத்தை விட்டுவிட்டுக் குரலைப் பின்தொடருங்கள். புத்திசாலித்தனமான உத்திதான், ஆனால் முதல்முறை பார்ப்பவருக்கு எரிச்சல்தான் மிஞ்சும்.

கேள்வி: வெட்டுப்பட்டது எவ்வளவு?

பதில்: பெரியவர்களுக்கு மட்டும் என்ற அமெரிக்க 'எக்ஸ்' சான்றிதழைத் தவிர்க்கச் சுமார் 40 நிமிடம், பெரும்பாலும் விடுதிக் காட்சிகள் என்பது ஃப்ரீட்கின் சொன்ன கணக்கு.