கிழக்குப் பார்த்த வீட்டுக்கு சோலார் பேனலை எந்தத் திசையில் வைப்பது?

வீடு கிழக்குப் பார்த்தது, மேலே மொட்டை மாடி. பேனலையும் கிழக்கு நோக்கிப் போடலாமா, தெற்குதான் வேண்டுமா என்று கேட்டிருக்கிறீர்கள். வாசல் எந்தப் பக்கம் இருந்தாலும் பேனலுக்கு முதல் தேர்வு தெற்குதான். சாய்வு 10 டிகிரி போதும். ஆனால் அதற்கு முன்னால் நிழலைப் பாருங்கள். மதுரையில் எங்கள் மாடியில் 3 கிலோவாட் அமைப்பு இருக்கிறது. பட்டுத் தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன்.

மதுரை ஏறக்குறைய 10 டிகிரி வட அட்சத்தில் இருக்கிறது. சித்திரை பிறக்கும்போது நண்பகல் சூரியன் உச்சந்தலைக்கு மேல் நிற்கும். அதிலிருந்து ஆகஸ்ட் கடைசி வரை சற்று வடக்கே இருக்கும். மற்ற மாதங்களில் தெற்கே. வருடம் முழுவதையும் கூட்டிப் பார்த்தால் தெற்குக்கு லாபம் உண்டு. ஆனால் 10 டிகிரிச் சாய்வில் கிழக்கோ மேற்கோ பார்த்து வைத்தால் குறைவது நூற்றுக்குச் சில பங்குதான். 30, 35 டிகிரி சாய்க்கச் சொல்லும் வீடியோக்கள் ஜெர்மனி போன்ற நாடுகளுக்கானவை. இங்கே அவ்வளவு தூக்கி நிறுத்தினால் கோடையில் உற்பத்தி குறையும், ஆடிக் காற்றும் பிடித்து உலுக்கும். அதற்காகத் தட்டையாகவும் படுக்க வைக்காதீர்கள். மழைநீர் வடியாமல் மேலே மண் படிந்துவிடும்.

இனி நிழல். நம் ஊரில் வாஸ்து பார்த்துக் கன்னி மூலையில், அதாவது தென்மேற்கில், தண்ணீர்த் தொட்டியை ஏற்றி வைக்கிறோம். எங்கள் வீட்டிலும் அப்படித்தான். வைகாசியில் பேனல் மாட்டியபோது சூரியன் வடக்கே இருந்தது. தொட்டி நிழல் எங்கும் இடிக்கவில்லை. பொருத்த வந்தவர்களும் பார்த்துவிட்டுச் சரி என்றார்கள். கார்த்திகை முடிவில், வானம் பளிச்சென்றிருந்த நாள்களிலும் பிற்பகல் இரண்டு மணிக்கு மேல் உற்பத்தி சட்டென்று விழ ஆரம்பித்தது. ஏறிப் போய்ப் பார்த்தேன். தொட்டியின் வளைந்த நிழல் வடகிழக்காக நீண்டு, இரண்டு பேனல்களின் கீழ்ப்பகுதியில் கறுப்பாகக் கிடந்தது. மிச்சம் நான்கும் நல்ல வெயிலில் மின்னிக்கொண்டிருந்தன.

பேனல்களை வரிசைத் தொடராக இணைப்பதால் ஒன்றில் விழும் நிழல் மற்றவற்றையும் இழுத்துப் பிடிக்கும். நிழல் பட்ட பகுதியைச் சுற்றி மின்சாரத்தைக் கடத்திவிடும் பைபாஸ் டையோடு பேனலுக்குள் இருப்பதால் மொத்தமும் நின்றுவிடாது. ஆனாலும் நிழலின் பரப்பைவிட இழப்பு பெரிதாகவே இருக்கும். அந்த இரண்டையும் கழற்றிக் கிழக்கு ஓரத்துக்கு மாற்றிய பிறகுதான் பிற்பகல் உற்பத்தி சீரானது. மாற்றிய கூலியும் புதிய கம்பிக் கட்டுமானமும் எங்கள் தலையில்.

ஆகவே முடிந்தால் மார்கழியில் மாடி ஏறுங்கள். காலை 9, நண்பகல், மாலை 3 என்று மூன்று முறை தொட்டி, படிக்கட்டு அறை, பக்கத்து வீட்டுச் சுவர் ஆகியவற்றின் நிழலோரத்தைச் சுண்ணாம்புக் கட்டியால் கோடு போடுங்கள். கோட்டுக்கு வெளியே இருப்பதுதான் உங்கள் இடம். அதுவரை காத்திருக்க முடியாதென்றால், அந்த மாதத்தில் காலை 9, மாலை 3 மணி வாக்கில் ஓர் அடி உயரத்துக்குச் சுமார் ஒன்றரை அடி நிழல் என்று கணக்கு வையுங்கள். பேனல் மட்டத்துக்கு மேல் 8 அடி நிற்கும் தொட்டிக்கு 12 அடி தள்ள வேண்டும். அவ்வளவு இடம் தெற்குப் பக்கம் இல்லை, கிழக்குப் பக்கம் வெட்டவெளியாக இருக்கிறது என்றால் கிழக்கு நோக்கியே போடுங்கள். முன்பணம் கொடுப்பதற்கு முன், மார்கழி நிழலைக் குறித்த மாடி வரைபடம் ஒன்றைக் கேட்டு வாங்கிவிடுங்கள்.