அரசியல் கொந்தளிப்பு ஒரு நாட்டுப்புறப் பாடகரின் வாழ்க்கையை என்ன செய்யும்? தெலங்கானாவின் கத்தர் கடைசிக் காலத்தில் கொள்கை மாறிவிட்டார் என்பது உண்மையா?

2010 முதல் நான்கு ஆண்டுகள் நான் செகந்திராபாத்தில் வாடகை வீட்டில் குடியிருந்தேன். தனித் தெலங்கானா போராட்டம் உச்சத்தில் இருந்த காலம் அது. பந்த் நாள்களில் தெருவில் வேறு வண்டி எதுவும் ஓடாது. ஒலிபெருக்கி கட்டிய ஜீப் ஒன்று மட்டும் கத்தரின் பாட்டைப் போட்டுக்கொண்டு மெல்ல ஊர்ந்து போகும். அப்படி ஒரு நாள், திண்ணையில் புளிச்சக்கீரை ஆய்ந்துகொண்டிருந்த வீட்டுக்கார அம்மா, ஜீப் தெருமுனை திரும்பி மறைந்த பிறகும் அந்த மெட்டை விடாமல் முனகிக்கொண்டிருந்தார். கத்தர் என்றால் அவ்வளவு பிடிக்குமா என்று கேட்டேன். "அவர் கட்சி எனக்கு ஆகாது பாபு. மெட்டு எங்க அம்மாவோடது. நாத்து நடும்போது பாடுவாங்க" என்றார். கரீம்நகர்ப் பக்கத்துக்காரர் அவர்.

கத்தரின் கொள்கை மாற்றத்தைப் பற்றிப் பேசும்போதெல்லாம் எனக்கு இந்த உரையாடல்தான் நினைவுக்கு வருகிறது. மேதக் பகுதியில் உள்ள தூப்ரானில் ஒரு தலித் குடும்பத்தில் பிறந்தவர் அவர். இயற்பெயர் கும்மடி விட்டல் ராவ். பொறியியல் படிக்கப் போய், பிறகு கனரா வங்கியில் எழுத்தராக இருந்து, 1984இல் அந்த வேலையை உதறினார். வெள்ளையரை எதிர்த்த கதர் கட்சியின் நினைவாக வைத்துக்கொண்ட பெயர்தான் கத்தர். ஹைதராபாத்தின் உருதுவில் 'கதர்' என்றால் கிளர்ச்சி. அதையே சற்று அழுத்தி நீட்டி 'கத்தார்' என்றால் துரோகி. பிற்காலத்தில் அவரைத் திட்ட விரும்பியவர்களுக்குப் புதிய சொல் தேட வேண்டிய வேலை இருக்கவில்லை.

1972இல் உருவாகி, பின்னர் நக்சலைட் அமைப்பான மக்கள் யுத்தக் கட்சியின் கலைக்குழுவான ஜன நாட்டிய மண்டலியில்தான் அவருடைய கலை வடிவம் பெற்றது. வரிந்து கட்டிய வேட்டி, சட்டையில்லாத உடம்பில் கறுப்புக் கம்பளி, காலில் சலங்கை, கையில் கோல், கூடவே தப்பு என்னும் பறை. அந்தத் தோற்றம் மேடைக்காகப் புதிதாகப் புனைந்தது அன்று. ஆடு மேய்ப்பவரும் கூலிக்குப் போகிறவரும் அன்றாடம் தரிப்பதையும் சேரியில் அன்றாடம் ஒலிப்பதையும் அப்படியே மேடையேற்றியதுதான். புர்ரகதை என்ற தெலுங்குக் கதைப்பாட்டுக் கலையில் கதைசொல்லியின் தம்புராவே வாளாகவும் வில்லாகவும் மாறுவது போல, கத்தரின் கையில் இருக்கும் கோல் ஒரு வரியில் ஏரைப் பிடித்த கையாகும், மறுவரியில் துப்பாக்கியாகும். பாட்டை நடுவில் நிறுத்திப் பேசுவார். பேச்சு சூடேறும் இடத்தில் பின்பாட்டுக்காரர்கள் பல்லவியை எடுத்துக்கொள்வார்கள். அடுத்த சுற்றில் கூட்டமே பின்பாட்டாகிவிடும். கேட்பவருக்கு மெட்டு முன்பே தெரிந்திருப்பதால், பாடம் செய்ய வேண்டியது சொற்களை மட்டுமே. எழுத்தறியாதவர்கள் மிகுந்த வட்டாரத்தில் ஒரு தடை செய்யப்பட்ட அரசியல் எப்படி ஊர் ஊராகப் பரவியது என்பதற்கு இதைவிட நேரடியான விளக்கம் எனக்குத் தெரியவில்லை. நிஜாமுக்கும் நிலக்கிழார்களுக்கும் எதிரான 1940களின் ஆயுதப் போராட்டத்தில் பிறந்த 'பண்டெனக பண்டி கட்டி' என்ற பாடலை, 'மா பூமி' திரைப்படத்தில் அவர் தோன்றிப் பாடியபோது, அது அவருடைய பாட்டு என்றே பலர் நம்பினார்கள். எழுதியவர் யாதகிரி. ஆனால், கிராமத்தில் யாரும் ஆசிரியர் பெயர் கேட்பதில்லை.

அரசுக்கும் இந்த வலிமை தெரிந்திருந்தது. 1985இல் ஆந்திரத்தில் நக்சலைட்டுகள் மீதான அடக்குமுறையை 'ஆட்ட, மாட்ட, பாட்ட பந்த்' என்று குறிப்பிட்டார்கள்: ஆட்டம், பேச்சு, பாட்டு மூன்றும் நிறுத்தம். அதே ஆண்டு ஜூலையில் காரம்சேடு கிராமத்தில் தலித்துகள் படுகொலை செய்யப்பட்டதை எதிர்த்துக் குரல் கொடுத்த பிறகு கத்தர் தலைமறைவானார். முதல்வர் சென்னா ரெட்டியின் ஆட்சியில் கெடுபிடி தளர்ந்து, 1990 பிப்ரவரியில் ஹைதராபாத் நிஜாம் கல்லூரி மைதானத்தில் அவர் மீண்டும் மேடையேறியபோது கூடிய கூட்டத்தை அந்நகரத்துப் பெரியவர்கள் இன்றும் சொல்லிச் சொல்லி மாய்வார்கள். தளர்வு நீடிக்கவில்லை; 1992இல் மக்கள் யுத்தக் கட்சி தடை செய்யப்பட்டது. மோதல் என்ற பெயரில் கொல்லப்பட்டவர்களின் உடல்களைக் குடும்பத்தாரிடம் ஒப்படைக்கக் கோரும் இயக்கத்தில் அவர் முன்னின்றார். 1997 ஏப்ரல் 6 அன்று வீட்டுக்கே வந்த சிலர் அவரைச் சுட்டார்கள். மற்ற குண்டுகளை அகற்றிய மருத்துவர்கள், முதுகெலும்பருகே தங்கிய ஒன்றை எடுப்பது உயிருக்கு ஆபத்து என்று விட்டுவிட்டார்கள். அந்தக் குண்டோடு அவர் இருபத்தாறு ஆண்டுகள் ஆடிப் பாடினார் என்பதை, நடுத்தர வயதிலேயே முதுகுவலியால் அவதிப்படும் நான் சற்றுக் கூடுதல் வியப்போடுதான் நினைத்துக்கொள்கிறேன்.

அவர் மீது எனக்குக் குறையும் உண்டு. போலீஸ் குண்டுக்குப் பலியானவர்களுக்கு அவர் பாடிய ஒப்பாரிகளுக்கு ஈடு இல்லை. காட்டிக்கொடுத்தவர் என்று முத்திரை குத்தி மாவோயிஸ்டுகள் கொன்ற ஏழைகளுக்காக அவர் பாடி நான் கேட்டதில்லை. சாவுக்கு அழும் பாட்டு எல்லாச் சாவுக்கும் பொதுவானது என்பதே கிராமத்து வழக்கம். கட்சியோடு இருந்ததற்கு அவருடைய கலை கொடுத்த விலை இதுவென்று நினைக்கிறேன். 2004இல் ஆந்திர அரசோடு நடந்த பேச்சுவார்த்தையில் மாவோயிஸ்டுகளின் தூதர்களில் ஒருவராக இருந்தார்; அது முறிந்த பிறகு மெல்ல மெல்லத் தெலங்கானா கோரிக்கையே அவருடைய மேடையாகியது. 'பொடுஸ்துன்ன பொத்து மீத' அந்தக் காலத்துப் பாட்டு. 2014இல் மாநிலம் கிடைத்தது. பாடிப் பெற்றவர்களுக்கு ஆட்சியில் பெரிய இடம் கிடைக்கவில்லை.

அதன் பிறகு நடந்தவற்றைத்தான் கொள்கை மாற்றம் என்கிறார்கள். கோயில்களுக்குப் போனார், தேர்தலைப் புறக்கணிக்கச் சொன்னவர் 2018இல் வாழ்நாளில் முதன்முறையாக வாக்களித்தார், 2023 ஜூலையில் கம்மம் கூட்டத்தில் ராகுல் காந்தியைக் கட்டியணைத்தார். ஆம், மாறினார், அதை மறைத்துப் பேசுவதில் பயனில்லை. ஆனால், விலைபோனார் என்பதற்கு எனக்குச் சான்று தெரியவில்லை. வாழ்நாள் முழுவதும் கூட்டத்தின் நடுவே இருந்து பழகிய மனிதர், கூட்டம் எங்கே நகர்ந்ததோ அங்கே நகர்ந்தார் என்றுதான் படுகிறது.

2023 ஆகஸ்ட் 6 அன்று அவர் இறந்தபோது, அவரைத் தேடி வேட்டையாடிய அதே அரசு இயந்திரம் அரசு மரியாதை செலுத்தியது. ஆல்வாலில் அவரே தொடங்கிய பள்ளி வளாகத்தில் அடக்கம் செய்தார்கள். முன்பு 'ஒரே ரிக்ஷா' படத்தில், தங்கையின் பாதத்தில் மச்சமாய்ப் பிறப்பேன் என்று அண்ணன் பாடும் பாட்டுக்காக ஆந்திர அரசு கொடுத்த நந்தி விருதை அவர் வாங்க மறுத்தார். இப்போது தெலங்கானா அரசு திரைத்துறைக்குக் கொடுக்கும் விருதுக்கே கத்தர் விருது என்று பெயர். 2025 ஜூனில் முதன்முறையாக வழங்கினார்கள்.