பிரிட்டனைக் காப்பாத்தினது ஸ்பிட்ஃபயரா? ஒரு மேசையும் நிறைய போனும்னு சொல்வேன்

கேள்வி இதுதான்: 1940-ல ஜெர்மன் விமானப்படைகிட்ட இருந்து பிரிட்டனைக் காப்பாத்தினது ஸ்பிட்ஃபயர் விமானம்தானே?

ஸ்பிட்ஃபயர் பைத்தியம் எனக்கும் உண்டுங்க. சின்ன வயசுல பிளாஸ்டிக் கிட் வாங்கி ஒட்டி, ரெக்கை கோணலா போயி அழுதவன் நான். அதனால அதை மட்டம் தட்ட வரல. ஆனா பதில், இல்ல.

முதல்ல கணக்கே இடிக்குது. ஜூலை 10-லருந்து அக்டோபர் 31 வரைக்கும் நடந்த அந்த சண்டைல ஸ்பிட்ஃபயரை விட ஹரிக்கேன்ங்கற இன்னொரு பிரிட்டிஷ் ஃபைட்டரோட ஸ்குவாட்ரன் (விமானப் பிரிவு)தான் அதிகம், ஜெர்மன் விமானங்களை சுட்டு வீழ்த்தினதுலயும் பெரும் பங்கு அதுக்குதான். ரெண்டுலயும் ஒரே ரோல்ஸ் ராய்ஸ் மெர்லின் இன்ஜின், அதே எட்டு மெஷின் கன். ஹரிக்கேனுக்கு வேகம் கம்மி, பின்பாதி உடம்பு உள்ள குழாயும் மரச்சட்டமும், மேல இழுத்துக் கட்டின துணி, அவ்ளோதான். கேக்க கேவலமா இருக்கும், ஆனா குண்டு துணியை ஓட்டை போட்டுட்டு அந்தப் பக்கமா போயிடும், ஏர்ஃபீல்டுலயே ஒட்டு போட்டு மறுபடி மேல அனுப்பிடலாம். ஸ்பிட்ஃபயரோட தகட்டு உடம்புல அந்த சௌகரியம் கிடையாது.

சரி, அப்ப ஹரிக்கேன்தான் ஹீரோன்னு முடிச்சிடலாமான்னா, அதுவும் இல்ல. இது எனக்கு உறைச்சது லண்டனுக்கு மேற்கால இருக்கற அக்ஸ்பிரிட்ஜ்ல ஒரு பங்கருக்குள்ள போனப்பதான். 76 படி இறங்கணும். இங்கிலாந்தோட தென்கிழக்கு மூலையை, அதாவது லண்டனையும் சேர்த்து, காவல் காத்த 11-ம் குரூப்போட கண்ட்ரோல் ரூம் அது. அதோட தலைவர் கீத் பார்க், நியூசிலாந்துக்காரர். அந்த ரூமை 1940 செப்டம்பர் 15 காலைல 11:30 மணிக்கு எப்படி இருந்துச்சோ அப்படியே வச்சிருக்காங்க. நடுவுல பெரிய மேப் மேசை, சுத்தி நீளக் குச்சியோட பொண்ணுங்க நின்னு குட்டி கட்டைங்களை தள்ளித் தள்ளி வைப்பாங்க. எதிரிக் கூட்டம் எந்த நம்பர், எத்தனை விமானம், எவ்ளோ உயரம் எல்லாம் அந்த கட்டை மேல இருக்கும்.

அங்க என்னை நிக்க வச்சது ஒரு சுவர்க் கடிகாரம். முகத்துல அஞ்சு அஞ்சு நிமிஷத்துக்கு சிவப்பு, மஞ்சள், நீலம்னு மாத்தி மாத்தி கலர் அடிச்சிருக்கு. தகவல் வர்ற நேரத்துல பெரிய முள்ளு எந்த கலர்ல நிக்குதோ, அதே கலர் அம்புக்குறியைத்தான் மேசைல வைக்கணும். இப்ப முள்ளு நீலத்துல இருக்கு, மேசைல ஒரு அம்பு இன்னும் சிவப்பா இருக்குன்னா அந்த தகவலுக்கு வயசு அஞ்சு நிமிஷத்துக்கு மேல. பாம்பர் மணிக்கு 300 கிலோமீட்டர்ல வந்தாக்கூட அதுக்குள்ள 25 கிலோமீட்டர் நகர்ந்திருக்கும். மேல பால்கனில உக்காந்து ஃபைட்டருங்களை அனுப்பற கண்ட்ரோலர் யாரையும் ஒரு வார்த்தை கேக்க வேண்டாம், பார்த்த பார்வைலயே எது புதுசு எது பழசுன்னு தெரிஞ்சிடும். கம்ப்யூட்டர் இல்லாத காலத்துல இதை யோசிச்சவங்களை கும்பிடணும்.

இது ஏன் அவ்ளோ முக்கியம்னா, பிரான்ஸ் விழுந்தப்புறம் ஜெர்மன்காரன் கடலுக்கு அந்தக் கரைலயே வந்து உக்காந்துட்டான். நடுவுல இருக்கற ஆங்கிலக் கால்வாயோட குறுகலான இடம் 34 கிலோமீட்டர்தான், தாண்ட சில நிமிஷம் போதும். ஆனா இங்க ஒரு ஃபைட்டர் 20,000 அடி ஏறவே பத்து நிமிஷத்தை ஒட்டி ஆகும். அவன் கண்ணுல பட்டப்புறம் கிளம்பினா முடிஞ்சுது கதை. முன்கூட்டியே தெரியலைன்னா நாள் பூரா வானத்துலயே சுத்திட்டு இருக்கணும், அதுக்கு பெட்ரோலும் பத்தாது பைலட்டும் பத்தாது.

அதுக்குத்தான் கடலோரமா செயின் ஹோம்னு ரேடார் கோபுரங்கள், அனுப்பற கோபுரம் ஒவ்வொண்ணும் 360 அடி. ஆனா அதுக்கு கடல் பக்கம்தான் கண்ணு, நிலத்துக்குள்ள வந்துட்டா குருடு. அங்கருந்து அப்சர்வர் கோர்ன்னு பைனாகுலரும் போனும் வச்ச சாதாரண ஜனங்க, முப்பதாயிரம் பேர் மாதிரி, எண்ணி எண்ணி சொல்வாங்க. ரேடார் தகவல் எல்லாம் முதல்ல பென்ட்லி பிரையரிங்கற தலைமையகத்துல இருந்த ஃபில்டர் ரூமுக்கு போகும், ஒரே கூட்டத்தை மூணு ஸ்டேஷன் மூணு விதமா சொன்னா அதை அலசி ஒண்ணாக்கி அப்புறம்தான் மத்த மேசைங்களுக்கு விடுவாங்க. இந்த முழு வலையையும் பின்னினவர் ஹ்யூ டௌடிங், பிரிட்டிஷ் ஃபைட்டருங்க எல்லாத்துக்கும் பொறுப்பான ஃபைட்டர் கமாண்டை 1936-ல ஆரம்பிச்சதுலருந்தே அதோட தலைவர். பிரான்சுக்கு இன்னும் ஃபைட்டர் அனுப்புங்கன்னு நெருக்கினப்ப 1940 மே 16 அன்னிக்கு, நாட்டைக் காக்க 52 ஸ்குவாட்ரன் வேணும்னு சொன்னீங்க, இப்ப 36தான் இருக்குன்னு எழுதிக் கொடுத்தாரு. அவ்ளோ செஞ்ச மனுஷனை ஜெயிச்ச கையோட நவம்பர்ல பதவிய விட்டு தூக்கினாங்க, அது தனி வயித்தெரிச்சல்.

இந்த வலை முதல் நாள்லருந்தே ஒழுங்கா வேலை செஞ்சுதுன்னு நினைக்காதீங்க. போர் அறிவிச்சு மூணாம் நாள், 1939 செப்டம்பர் 6, தப்பான அலாரம் ஒண்ணு வந்து ஹரிக்கேன்கள் மேல போச்சு, அதுங்களையே எதிரின்னு நினைச்சு 74-ம் ஸ்குவாட்ரனோட ஸ்பிட்ஃபயருங்க அதுல ரெண்டை சுட்டுடுச்சு, ஒரு பைலட் செத்துட்டாரு. அந்தப் போர்ல ஸ்பிட்ஃபயர் முதல்ல வீழ்த்தினதே ஒரு ஹரிக்கேனைத்தான்! நம்மாளு யாரு எதிரி யாருன்னு பிரிச்சுக் காட்டற கருவியை எல்லா விமானத்துலயும் அவசர அவசரமா மாட்டினது இந்தக் கூத்துக்கு அப்புறம்தான்.

ஜெர்மன்காரனுக்கு கோபுரம் கண்ணுக்குத் தெரிஞ்சுது, அதுக்குப் பின்னாடி இருந்த போன் வலையோட அருமை சரியா புரியல. ஆகஸ்ட்ல பிகின் ஹில், கென்லி மாதிரி ஏர்ஃபீல்டுங்களை அடி அடின்னு அடிச்சான், அங்க கண்ட்ரோல் ரூம் தரைக்கு மேலயேதான் இருந்துச்சு. கென்லி ரூமை பக்கத்து ஊர் கேட்டர்ஹாம்ல ஒரு பழைய கறிக்கடைக்கு மாத்தி, போன் லைனை எல்லாம் அங்க இழுத்து வேலையை ஓட்டினாங்க. கறிக்கடைலருந்து விமானப் போர்!

இதே ஹரிக்கேனுக்கு, வலை சரியில்லாத இடத்துல என்ன ஆச்சுன்னு பாக்கணும்னா கொழும்புக்கு வரணும். 1942 ஏப்ரல் 5, ஈஸ்டர் ஞாயிறு. ஜப்பான் கப்பல்கள் வருதுன்னு முந்தின நாளே ஒரு கேட்டலினா விமானம் பார்த்து சொல்லிடுச்சு. கொழும்புல ரேடாரும் இருந்துச்சு. இருந்தும் காலைல எச்சரிக்கை வரல, இரத்மலானைல இருந்த பைலட்டுங்க நிமிர்ந்து பார்த்தா தலைக்கு மேல ஜப்பான் விமானம். அதுங்க கீழ நடத்தற தாக்குதலுக்கு நடுவுலதான் ரன்வேல ஓடி ஏறினாங்க, அன்னிக்கு அழிஞ்சு போன ஹரிக்கேன் மட்டும் 20 கிட்ட. நாலு நாள் கழிச்சு திருகோணமலைல ரேடார் நேரத்துக்கு சொல்லிடுச்சு, 261-ம் ஸ்குவாட்ரன் மேல ஏறி நின்னு சண்டை போட்டுச்சு. அங்கயும் பலத்த அடிதான், ஆனா தரைல வச்சு அடி வாங்கல. அதே நாள் மட்டக்களப்புக்கு வெளிய ஹெர்மிஸ்னு விமானந்தாங்கிக் கப்பல், தன் விமானம் ஒண்ணு கூட இல்லாம, 300 பேருக்கு மேல பலி கொடுத்து மூழ்கினப்ப அதுக்கு மேல ஒரு பிரிட்டிஷ் ஃபைட்டர் கூட இல்ல.