பாவோதல் முடிவுக்கு எதிராக வழக்குப் போடலாமா?

கரவெட்டியிலிருந்து ஒரு தாய் கேட்கிறார்: வலயமட்டத் தமிழ்மொழித் தினப் பாவோதலில் மகளுக்கு இரண்டாமிடம். முதலிடம் பெற்ற பிள்ளையைப் பழக்கிய ஆசிரியையே நடுவர்களில் ஒருவராம். மாகாணப் போட்டிக்கு மூன்று கிழமைதான். "மனித உரிமையில் ஒரு என்ட்ரி போட்டால் காணும், ஸ்டே எடுத்துத் தாறன்" என்று ஒருவர் காசு கேட்கிறாராம்.

அவருக்கு ஒரு சதமும் கொடுக்காதீர்கள். மனித உரிமைகள் ஆணைக்குழு தடையுத்தரவு தரும் இடமல்ல. அங்கே முறையிடக் கட்டணமும் இல்லை. முறையிட்டதற்கு அங்கே தரும் துண்டுக்கு வேறொரு பயன் உண்டு. அடிப்படை உரிமை மனுவைக் கொழும்பில் உயர் நீதிமன்றத்துக்கு ஒரு மாதத்துக்குள் கொடுக்க வேண்டும். அந்த மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறையிட்டிருந்தால், விசாரணை நடக்கும் காலம் கணக்கில் சேராது (1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம், பிரிவு 13). ஆனால் முறைப்பாடு வேறு, விசாரணை வேறு. துண்டை மட்டும் நீட்டினால், விசாரணை உண்மையில் நடந்ததா என்று நீதிமன்றம் கேட்கும். துண்டை நம்பி மாதத்தைத் தவறவிட்டு வந்து நிற்பவர்கள்தான் அதிகம்.

உங்கள் விடயத்துக்குக் கொழும்பே தேவையில்லை. வலயக் கல்விப் பணிப்பாளரின் முடிவுக்கு எதிரான எழுத்தாணை மனுவை (அதிகாரியின் பிழையான முடிவை நீக்கக் கேட்கும் 'ரிட்' மனு) யாழ்ப்பாணம் மாகாண மேல் நீதிமன்றத்திலேயே கொடுக்கலாம். நீதிபதி மறுபடி புள்ளி போடமாட்டார். மகள் நன்றாகச் சொன்னாள் என்ற வாதம் அங்கே எடுபடாது. முடிவெடுத்த முறை பிழையா என்பதுதான் கேள்வி. பழக்கியவரே நடுவராக இருந்தது நல்ல காரணம். ஆனால் ஊரில் கதைப்பது சான்றாகாது, தாள் வேண்டும்.

ஆகவே இன்றைக்கே வலயப் பணிப்பாளருக்குப் பதிவுத் தபாலில் ஆட்சேபக் கடிதம் அனுப்புங்கள். முதலிடத்தைப் பறிக்கச் சொல்லாதீர்கள். மகளையும் மாகாணப் போட்டிக்கு அனுப்பும்படி கேளுங்கள். அது கிடைக்கக்கூடியது. நடுவர் பட்டியல், புள்ளித்தாள், போட்டிச் சுற்றுநிருபம் மூன்றையும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ், வேறு கடிதத்தில், உங்கள் பெயரில் கேளுங்கள். "பரீட்சைப் புள்ளி இரகசியம்" என்பார்கள். அந்த விலக்கு பரீட்சைத் திணைக்களமும் உயர்கல்வி நிறுவனங்களும் நடத்தும் பரீட்சைகளுக்கானது, பாவோதலுக்கு அல்ல. முடிவு சொல்ல அவர்களுக்கு 14 வேலை நாள் உண்டு, அதாவது உங்கள் மூன்று கிழமையும் அதிலேயே போய்விடும். "இப்பிள்ளைகளில் எவரையும் நான் பழக்கவில்லை" என்று நடுவரிடம் ஒரு கையொப்பம் வாங்க வலயத்துக்கு என்ன செலவு? அதைச் செய்யமாட்டார்கள், பிறகு கோவையைப் பூட்டி வைப்பார்கள்.

தாள் வரும்வரை காத்திருக்க வேண்டாம். ஒரு கிழமையில் பதிலில்லையென்றால் கடிதப் பிரதி, தபால் பற்றுச்சீட்டு, கிடைத்த சான்றிதழ் ஆகியவற்றுடன் நேரடியாகச் சட்டத்தரணியிடம் போங்கள். மாகாணப் போட்டி முடிந்தபின் பயனற்ற கட்டளையை நீதிமன்றம் தராது. மகள் சிறுமி என்பதால் அவளுக்காக நீங்கள் 'அடுத்த நண்பராக' மனுவில் நிற்க வேண்டும். முதலிடம் பெற்ற பிள்ளையையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். தரகர்கள் எழுதும் மனுக்களில் இதுதான் விடுபடும். பாதிக்கப்படக்கூடியவரைச் சேர்க்காத மனு அதனாலேயே தள்ளுபடியாகலாம்.